பலாமரத்தடியில் முப்பத்தொரு பேர்

குவாரியில் வெடி வைப்பது பெரிய காரியமில்லை. வெடிக்கு முன்னால் வீட்டுக்குள் இருப்பவர்களை வெளியே கொண்டுவருவதுதான் பெரிய காரியம். சோறு ஆறுகிறது என்று மூன்று தரம் கூப்பிட்டும் எழுந்து வராத ஆட்களோடு குடும்பம் நடத்துகிற உங்களுக்கு என் கஷ்டத்தை விளக்க வேண்டியதில்லை.

கேரளத்தில், நெடுமங்காட்டுக்கு அப்பால் மலையோரத்தில் இருக்கிறது எங்கள் குவாரி. அந்தக் காலத்தில் கல் உடைக்கத் தமிழ்நாட்டுப் பக்கமிருந்து ஆட்களைக் கூட்டிவந்த கம்பெனி, அவர்களுக்கு இரண்டு வரிசை வீடு, ஒரு கடை, வீட்டுக்கு வீடு தண்ணீர்க் குழாய் எல்லாம் போட்டுக் கொடுத்தது. வீட்டு வரிசைக்கு லைன் என்று பெயர். குழாயில் தண்ணீர் பதினொன்றரைக்கு வந்து ஒரு மணிக்கு நின்றுவிடும். எல்லா வீட்டிலும் ஒரே நேரத்தில் திறப்பதால் வருவது நூல் மாதிரிதான்.

என் வீட்டுக்காரர் பாறையில் துளை போடுகிறார். பத்தாவது படித்திருக்கிறேன், தொண்டையும் நன்றாக இருக்கிறது என்று என்னை விசிலுக்குப் போட்டார்கள். தினமும் பன்னிரண்டு மணிக்கு வெடி. அதற்கு முன் மூன்று குட்டி விசில் ஊதினால், எல்லோரும் கடைப்பக்கம் இருக்கிற பலாமரத்தடிக்கு வந்துவிட வேண்டும். பள்ளிக்கூடப் பிள்ளைகளும் வேலையாட்களும் போக மிச்சம் முப்பத்தொரு பேர். எண்ணிக்கை சரியாக இருந்தால் நான் பச்சைக்கொடி காட்டுவேன், மலையில் வெடிப்பார்கள். முடிந்ததும் ஒரு நீள விசில், வீட்டுக்குப் போகலாம். ஒரு தலை குறைந்து நான் கொடி காட்டிவிட்டால், ஓட்டைப் பிய்த்துக்கொண்டு இறங்குகிற கல், உள்ளே யார் என்று கேட்டுவிட்டு விழாது.

மலையைப் பார்த்து வயசு

முதல் வேலையாக ஒரு நோட்டில் எல்லோருடைய பெயரும் வயதும் எழுதச் சொன்னார்கள். இரண்டாம் லைன் சரசக்காவிடம் வயது கேட்டேன். "நான் கல்யாணமாகி வந்தப்ப மலை அந்த டவருக்கும் மேல இருந்துச்சு. மூத்தவன் பிறந்தப்ப டவர் அளவு. கணக்குப் போட்டுக்கோ" என்றார். இப்போது மலை இருந்த இடத்தில் பாதி பள்ளம். அந்தப் பாதி விழிஞ்ஞத்தில் துறைமுகம் கட்ட லாரி லாரியாகக் கடலுக்குப் போய்விட்டது.

மலை உச்சியில் ஒரு முருகன் கோவில் இருந்ததாம். பாறை உடைப்பு உச்சியைத் தொட்டதும் முருகனை நடு மலைக்கு இறக்கினார்கள். அங்கேயும் வேலை வந்ததும் அடிவாரத்துக்கு. கடைசியில் கம்பெனிக் கடைக்குப் பக்கத்திலேயே கோவில் கட்டி, தரைக்கு ராஜஸ்தானிலிருந்து மார்பிள் வரவழைத்துப் போட்டுக் கொடுத்தார்கள். மலையையே வெட்டி விற்கிறவர்களுக்குத் தரை போட நம்மூர்க் கல் பிடிக்கவில்லை. நான் அதைச் சொல்லிச் சிரித்தேன். சரசக்கா சிரிக்காமல் கன்னத்தில் போட்டுக்கொண்டு சொன்னார்: "இந்த லைன்லயே விசில் ஊதாம இறங்கி வந்த ஒரே ஆளு அவருதான், ராணி."

சீர்ப் பாத்திரம்

வெடிக்கு முன்னால் பரணில், அலமாரியில் இருக்கிற பாத்திரத்தையெல்லாம் தரையில் இறக்கி வைப்பது எங்கள் வழக்கம். இல்லாவிட்டால் வெடி இறக்கி வைத்துவிடும். சங்கரன்கோவிலிலிருந்து கல்யாணமாகி வந்த கோமதிக்கும் இதைச் சொல்லிக்கொடுத்தார்கள். இறக்கி வைத்தால் போதும் என்பதைச் சொல்ல விட்டுவிட்டார்கள்.

முதல் நாள் முப்பது பேர் மரத்தடியில். கோமதி மட்டும் வீட்டுக்கும் மரத்துக்குமாக ஓடிக்கொண்டிருக்கிறாள். குடம் வந்தது, அண்டா வந்தது, இட்லிக் கொப்பரை வந்தது. பத்து நிமிஷம் லேட். மேனேஜர் சார் ஜீப்பில் இறங்கி வந்து வாட்சைக் காட்டினார். நான் கோமதியின் கையைப் பிடித்து நிறுத்தினேன். மூச்சிரைக்க அவள் சொன்னாள்: "எங்கம்மா குடுத்த குத்துவிளக்கு இன்னும் உள்ள இருக்குக்கா. அது நெளிஞ்சா, இந்த வெடியெல்லாம் எங்கம்மாவுக்கு முன்னால ஒண்ணுமே இல்ல."

உள்ளங்கால்

பொன்னையா மாமா நாகர்கோவில்காரர், ஒருத்தரைக்கூட மக்களே என்றுதான் கூப்பிடுவார். முப்பது வருஷம் இங்கே வெடி வைத்து ஓய்வு பெற்றவர். அந்த வேலை அவர் காதை எடுத்துக்கொண்டது. மகன் வாங்கிக் கொடுத்த காது மெஷினை, வெடிச் சத்தம் குடைகிறது என்று பதினொன்றே முக்காலுக்கே கழற்றி வைத்துவிடுவார். அப்புறம் என் விசில் எப்படிக் கேட்கும்? தினமும் நானே போய்த் தோளைத் தட்ட வேண்டும். குடையை ஊன்றிக்கொண்டு கடைசி ஆளாக வருவார்.

வெடித்ததும் அவர் தீர்ப்பு சொல்வார்: "இன்னைக்கு மருந்து கம்மி." என் வீட்டுக்காரரிடம் கேட்டால் அன்றைக்கு நிஜமாகவே கம்மியாகத்தான் இருக்கும். காது கேட்காமல் எப்படி மாமா என்று சைகையில் கேட்டேன். செருப்பைக் கழற்றிக் காட்டினார். "காது எதுக்கு மக்களே? எனக்கு உள்ளங்கால்ல கேக்கும்."

சின்ன ராணி

என் மகளுக்கு மூன்று வயது. பிறந்ததிலிருந்து வெடிச் சத்தம் கேட்டபின்தான் மதியம் தூங்குவாள். ஓண லீவில் வெடி இல்லாமல் ஒரு வாரம் எங்களைத் தூங்கவிடவில்லை.

ஒருநாள் எல்லோரும் மரத்தடியில் இருக்கும்போது என் இடுப்பிலிருந்த விசிலை எடுத்து, மூச்சு உள்ளவரை நீளமாக ஊதிவிட்டாள். நீள விசில் என்றால் வீட்டுக்குப் போகலாம். வெடித்ததா இல்லையா என்று ஒருத்தரும் யோசிக்கவில்லை. வரும்போது இழுத்து இழுத்து வருகிறவர்கள், போகும்போது என்ன வேகம்! மறுபடி பிடித்து வரக் கால் மணி நேரம். மேனேஜர் சார் கத்தவில்லை. அதுதான் பயமாக இருந்தது. தன் மலையாளத் தமிழில் சொன்னார்: "ராணி, இது ரெண்டாமத்தெ லேட். இனி ஒரு பிராவஸ்யம் கூட ஆனா விசில் வேற ஆளுக்கு. கேட்டோ?"

முப்பத்தொன்று சரி

அடுத்த வாரம். பொன்னையா மாமா அன்றைக்கு நான் போவதற்கு முன்பே குடையோடு புறப்பட்டு மரத்தடிக்கு வந்துவிட்டார். எனக்கு ஒரே சந்தோஷம். மற்றவர்களைக் கூட்டி வந்து எண்ணினேன். முப்பத்தொன்று. மணி சரியாகப் பன்னிரண்டு. கொடியைத் தூக்கினேன், பாதி தூக்கியிருப்பேன். கூட்டத்தில் முதுகைக் காட்டிக்கொண்டு ஒரு அம்மாள், கோமதியிடம் குத்துவிளக்கு பத்திரமாக இருக்கிறதா என்று விசாரித்துக்கொண்டிருந்தார்.

கோமதியின் அம்மா! காலை பஸ்ஸில் வந்திருக்கிறார். அப்படியானால் எங்கள் ஆட்கள் முப்பதுதான். பார்த்தால் பலாமரத்தில் குடை சாய்ந்து நிற்கிறது, குடைக்காரரைக் காணோம்.

பச்சைக்கொடியைக் கீழே போட்டுவிட்டுச் சிவப்பைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். வேலை போச்சு என்று தெரியும். ஒன்றாம் லைன் கடைசியில், மாமா வீட்டுக் குளியலறையில் அருவி மாதிரி தண்ணீர்ச் சத்தம். ஜன்னலில் காது மெஷின். விஷயம் அப்போதுதான் விளங்கியது. ஊரே மரத்தடியில் இருக்கிற நேரத்தில் குழாய் முழுவதும் அவர் ஒருத்தருக்கு! கதவைத் தட்டிப் பிரயோஜனமில்லை. சிவப்புக்கொடியின் கம்பை மேல் இடைவெளி வழியாக விட்டுக் குத்தினேன். தலை நிறைய சோப்போடு, வேட்டியைச் சுற்றிக்கொண்டு வந்தார்.

மரத்தடியில் மேனேஜர் சார் நின்றிருந்தார். விசிலையும் கொடிகளையும் நீட்டினேன். "ஆளை மாத்திக்கோங்க சார். ஆனா குழாய் நேரத்தையும் மாத்துங்க. இல்லேன்னா நாளைக்கு இன்னொருத்தர் உள்ள இருப்பாங்க." அவர் பொன்னையா மாமாவின் சோப்புத் தலையைப் பார்த்தார், கோமதியின் அம்மாவைப் பார்த்தார், விசிலை என் கையிலேயே வைத்தார். "குழாய் நேரம் மாத்தினா மதி" என்றார். அது மட்டும் போதுமாம்.

கோபத்தில் எனக்கு அழுகை வந்தது. மாமாவிடம் கத்தினேன். காது கேட்காவிட்டாலும் என் முகம் தெரிந்திருக்கும். கண்ணில் வழிந்த சோப்பைத் துடைத்துக்கொண்டு நிதானமாகச் சொன்னார்: "முப்பது வருஷம் வெடிக்காக நான் காத்துக் கிடந்தேன் மக்களே, ஒரு நாள் அது எனக்காகக் காத்துக் கிடக்கட்டுமே."

இப்போது விசிலோடு குழாய்ச் சாவியும் என் இடுப்பில்தான் இருக்கிறது, வெடி முடிந்த பிறகுதான் திறப்பேன். மலையை அசைக்க மருந்து போதும், எங்கள் லைனை அசைக்கத் தண்ணீரை நிறுத்த வேண்டியிருக்கிறது.