இன்னொரு கிண்ணம் ஊடோன்

யாசுயோவுக்குச் சினிமாவில் கிடைத்த முதல் வசனம் "இன்னொரு கிண்ணம்!" என்பது. அவ்வளவுதான். வழியோரக் கடையில் சூடான ஊடோன் நூடுல்ஸை உறிஞ்சி முடித்து, கடைக்காரரைப் பார்த்து அதைச் சொல்ல வேண்டும். அடுத்த பெஞ்சில் நாயகன் எதிரியிடம் நீளமாகச் சவால் விட்டு ஓய்ந்ததும் இது வந்து விழ வேண்டும்.

கியோத்தோவில் உசுமாசா பக்கம், பழங்கால வாள்சண்டைப் படங்கள் எடுக்கும் ஒரு ஸ்டூடியோ. துணை நடிகைகள் எல்லாரும் சேர்ந்து உட்கார்ந்து மேக்கப் போடும் பெரிய அறையில் அவள்தான் புதுசு. கூட்டத்தில் ஓடியிருக்கிறாள், பிணமாகக் கிடந்திருக்கிறாள். தற்காலிக வேலை அந்த மாதத்தோடு முடிகிறது. டைரக்டர் இகராஷி தலையாட்டினால் நிரந்தரம். இல்லையென்றால் அப்பா பேசி வைத்திருக்கும் பஸ் கண்டக்டர் வேலை.

கேமரா ஓடத் தொடங்கியதும் யாசுயோ நிஜமாகவே சாப்பிட்டாள். ஆறு பிள்ளைகள் உள்ள வீட்டில் வளர்ந்தவளுக்கு வேறு மாதிரி சாப்பிடத் தெரியாது. சாறு வரை குடித்துவிட்டு நிமிர்ந்தாள். நாயகன் வசனத்தை மறந்துவிட்டு நின்றார்.

"கட்!"

பக்கத்தில் உட்கார்ந்திருந்த மாகி, பெரிய அறையின் மூத்தவள், எட்டிப் பார்த்தாள். அவளுடைய கிண்ணம் நிறைந்தபடியே இருந்தது.

"அடிப்பாவி, முழுசாவா முழுங்கினே?"

"சாப்பிடுற சீன்தானேக்கா?"

"மெல்லுற மாதிரி காட்டணும்டி! மொத டேக்ல என்ன பண்ணினியோ, அதையேதான் ஒவ்வொரு டேக்லயும் பண்ணணும். அந்த மனுஷன் இன்னிக்கு வசனமே படிச்சுட்டு வரல. நீ தொலைஞ்சே."

மாகி சொன்னது பலித்தது. அடுத்த தடவை எதிரியின் பெயரை நாயகன் மாற்றிச் சொன்னார். அதற்கடுத்து வாள் உறையிலிருந்து வர மறுத்தது. அப்புறம் ஒட்டு மீசை ஒரு பக்கம் தொங்கியது. ஒவ்வொரு தடவையும் புதுக் கிண்ணம், ஆவி பறக்க.

"நல்லா சாப்பிடு தங்கச்சி, ஸ்டூடியோ செலவுதானே" என்றார் கிண்ணம் நிரப்புகிறவர்.

யாசுயோவின் இடுப்புக் கச்சை விலாவை இறுக்கியது. "சார்கிட்ட சொல்லிடவாக்கா?"

"சொன்னா வேற பொண்ணை உட்கார வெச்சுடுவாங்க. முழுங்கு." மாகி கையைப் பின்னால் விட்டுக் கச்சையைக் கொஞ்சம் தளர்த்திவிட்டாள்.

கடைசியில் நாயகன் பிசிறில்லாமல் பேசி முடித்தார். யாசுயோ காலிக் கிண்ணத்தைத் தூக்கினாள். கணீரென்று கேட்க நினைத்திருந்த குரல் வரவில்லை. கடைக்காரர் கையிலிருந்த கரண்டியைப் பார்த்ததும் கண் கலங்கியது.

"இன்னொரு... கிண்ணம்."

கேமராமேனின் தோள் குலுங்கியது. நாயகன் வாய்விட்டுச் சிரித்துவிட்டார். போச்சு, பஸ்தான் என்று யாசுயோ தலையைக் குனிந்தாள்.

இகராஷி எழுந்து வந்தார். "என்னம்மா, தூக்குல போடச் சொல்லிக் கேட்கிற மாதிரி கேட்டே?"

"மன்னிச்சிடுங்க சார். வயிறு ரொம்பிடுச்சு."

"மன்னிப்பெல்லாம் எதுக்கு? வயித்துல இடமில்ல, ஆசை மட்டும் விடல. இது நான் எழுதினதைவிட நல்லா இருக்கு. அடுத்த மாசமும் வந்துடு." பிறகு திரும்பிக் கூப்பிட்டார்: "இந்தப் பொண்ணு முகத்தைக் கிட்டக்க ஒண்ணு எடுக்கணும். கிண்ணம் கொண்டாங்கப்பா!"

அந்த முகம் படத்தில் கண்மூடித் திறப்பதற்குள் போய்விடும். ஆனாலும் தியேட்டரில் அந்த இடத்தில் சிரிப்பு எழுந்தது. பிறகு வந்த வேஷங்களிலெல்லாம் யாசுயோ சாப்பிட்டாள்: அரிசி உருண்டை, சுட்ட மீன், ஒரு படத்தில் எதிரிக்கு வைத்த விருந்து முழுவதும். அவளுக்கு அதில் குறையொன்றும் தெரியவில்லை. மூன்றாவது வருஷம்தான் பட்டினி கிடக்கும் விதவையாக ஒரு பெரிய வேஷம் வந்தது; படம் முழுக்க ஒரு வாய்ச் சோறு கிடையாது. அன்று காலை வீட்டில் நிதானமாக, வயிறு நிறையச் சாப்பிட்டுவிட்டுத்தான் படப்பிடிப்புக்குப் போனாள்.