கானைக் காட்டாத படம்

வெள்ளைக்காரர் ஆண்ட கடைசிக் காலத்தில் நாங்கள் கொட்டாஞ்சேனையில் ஒரு முடுக்கில் குடியிருந்தோம். வீட்டுச் சுவரோடு ஒட்டினாற்போல ஒரு சாக்கடைக் கான். மழை பெய்தால் கறுப்புத் தண்ணீர் அடுப்படி வரைக்கும் வரும். ஒரு மாரியில் என் மூத்த மகன் வயிற்றோட்டம் வந்து போய்விட்டான். மடியில் சின்னவள் இருந்தாள். அவளையாவது காப்பாற்ற வேண்டும் என்றால் மாநகரசபை அந்தக் கானை வெட்டி மூட வேண்டும். எனக்கு வேறு நினைப்பே இல்லை.

அப்போதுதான் படம் பிடிக்கிற ஒரு வெள்ளைக்காரர் வரப்போகிறார் என்று மாநகரசபை வேலைகளை மேற்பார்க்கிற ஓவசியர் வந்து சொன்னார். ஏழைச் சனங்கள் படுகிற பாட்டை அவர்கள் வாயாலேயே கேட்டு அரசாங்கத்துக்குப் படம் எடுக்கிறவராம். பிள்ளையைப் பறிகொடுத்தவள் என்று என்னைக் காட்டிவிட்டார்கள். ஆம்பிளைகள் முன்னால் நிமிர்ந்து பேசாதவள் நான். இருந்தாலும் சொல்ல வேண்டியதை அடுப்படியில் தனியாக நின்று சொல்லிப் பழகினேன்.

அவர் வருகிற அன்று விடியவே எதிர்வீட்டு மாமி முடுக்கிலுள்ள பெண்களை எல்லாம் திரட்டிவிட்டா. கானில் கிடந்ததை வாளி வாளியாக அள்ளிக் கொட்டினார்கள். மேலே பலகை போட்டார்கள், சுவருக்குச் சுண்ணாம்பு அடித்தார்கள். மாமி கோயிலுக்குக் கட்டுகிற தன் பட்டுச் சேலையை எனக்குக் கட்டிவிட்டா.

"அவர் வாறதே இந்த நாத்தத்தைப் பாக்கத்தானே, மாமி" என்றேன்.

"போடி விசரி. வீடு தேடி வாற மனுசனுக்கு ஊத்தையையா காட்டுறது? நீ வாயால சொல்லு, அது போதும்."

வாயால் சொன்னேன். மகன் தண்ணீர் தண்ணீர் என்று கேட்டதையும் சொன்னேன். மொழிபெயர்க்க வந்த தமிழ்ப் பெடியன் கண்ணைத் துடைத்தான். வெள்ளைக்காரர் எழுந்து நின்று எனக்குக் கைகூப்பினார்.

சில மாதம் கழித்துத் திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டினார்கள். சுண்ணாம்புச் சுவருக்கு முன்னால் பட்டுச் சேலையோடு நான் இருக்கிறேன். வாய் அசைகிறது. வருவது ஓர் ஆம்பிளையின் குரல், இங்கிலீசில். முடுக்கே சிரித்தது. என் புருசன் படம் காட்ட வந்த வண்டிக்குப் பக்கத்தில் நின்ற அந்த மொழிபெயர்ப்புப் பெடியனைப் பிடித்துக் கேட்டார்.

"அண்டைக்குக் குரல் பிடிக்கிற மெசின் கொண்டு வரேல்ல, அண்ணே. பேச்சைப் பிறகு ஒபிசில எழுதிப் போட்டவங்கள்."

"என்னெண்டு எழுதினவங்கள்?"

அவன் நிலத்தைப் பார்த்தான். "குழாய்த் தண்ணி வந்த பிறகு தன்ர பிள்ளையள் நல்ல சுகமா வளருதுகள் எண்டு அக்கா சொல்லுறாவாம்."

அடுத்த மழைக்குக் கான் மறுபடியும் பெருகியது. புருசன் மாநகரசபைக்குப் போனார். அங்கிருந்த பெரிய அதிகாரி எங்கள் முடுக்கைப் படத்தில் பார்த்தாராம். அவ்வளவு சுத்தமான இடத்துக்கு என்ன குறை என்று கேட்டு அனுப்பிவிட்டார்.

சின்னவளை வத்தளையில் என் அக்கா வீட்டில் விட்டோம். ஞாயிற்றுக்கிழமைகளில் பஸ் ஏறிப் போய்ப் பார்ப்பேன். கொஞ்ச நாளில் அவள் அக்காவை அம்மா என்று கூப்பிடத் தொடங்கினாள், என்னைச் சித்தி என்றாள். அக்கா திருத்தப் போனா. நான் வேண்டாம் என்றேன். பிள்ளை உடம்பு தேறிக் கன்னம் வைத்திருந்தாள்.