நீரூற்றைச் சுற்றிய ஆடிச்சுற்று

என் மனைவிக்குக் கிடைத்த ஒரு தோழியை நான் அழித்தேன். அழித்தது நானென்று சொல்லாமல், விளையாட்டை நடத்துகிற கம்பெனிக்காரனே அதை மூடிவிட்டான் என்று அவளிடம் பொய்யும் சொன்னேன். இந்த வயதில் இப்படி ஒரு காரியத்தைச் செய்தவன் அதற்கு நியாயம் தேடக் கூடாது. நடந்ததை மட்டும் சொல்கிறேன்.

சென்னையில் இருக்கும் எங்கள் மகள் பொங்கலுக்கு வந்தபோது ஒரு வி.ஆர். கண்ணாடியை எங்கள் வீட்டில் வைத்துவிட்டுப் போனாள். அதை முகத்தில் மாட்டிக்கொண்டால் நம் கூடம் மறைந்து வேறோர் இடம் நம்மைச் சுற்றி வந்து நிற்கும். கைக்கொன்றாக இரண்டு பிடிகள் உண்டு. அவள் பிள்ளைகளுக்கு அது அலுத்துவிட்டதாம்.

"காசு குடுத்து ஒண்ணும் வாங்காதிய அப்பா. ஓசியிலயே நெறைய கெடக்கு, தேடிப் பாருங்க" என்றாள்.

என் மனைவி அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "செக்குமாட்டுக்குக் கண்ணக் கட்டுனாப்புல இருக்கு" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள்.

நான் கூட்டுறவுச் சங்கங்களைத் தணிக்கை செய்து ஓய்வு பெற்றவன். இலவசம் என்று யாராவது சொன்னால், அது எந்த இடத்தில் வந்து காசு கேட்கும் என்று பார்க்காமல் எனக்குத் தூக்கம் வராது. அதனால் அந்த வேலையில் முழு மூச்சாக இறங்கினேன். இலவசம் என்று போட்டிருப்பதில் பாதி, வாசலை மட்டும் திறந்து காட்டுபவை. டேபிள் டென்னிஸ் விளையாட்டு ஒன்று. ஆட்டம் சூடு பிடிக்கும்போது மட்டையைக் கீழே வைக்கச் சொல்லி விலையைக் காட்டும். இன்னும் சில, உள்ளே விட்டுவிட்டுத் தொப்பிக்கும் சட்டைக்கும் காசு கேட்பவை. ரோலர் கோஸ்டர் ஒன்று முழுக்க இலவசம்தான். இறங்கியதும் நான் பீரோவைக் கட்டிப்பிடித்துக்கொண்டு நின்றேன். உண்மையிலேயே நல்லவையும் இருந்தன. ஆற்றங்கரையில் தூண்டில் போடுவது, வெறும் காற்றில் வண்ணம் தீட்டுவது, விண்வெளி நிலையத்துக்குள் மிதப்பது. எதுவும் கேட்காமல், தலையும் சுற்றாமல், மறுநாளும் போகத் தோன்றினால் அது தேறும். இதுதான் நான் வைத்திருந்த அளவுகோல்.

தேறாது என்று நான் ஒதுக்கியதில் ஒன்று ஒரு தீவு. அங்கே எந்த ஊர்க்காரரும் பொம்மை உருவத்தில் வந்து நடக்கலாம், அருகில் நிற்பவரோடு பேசலாம். நடுவில் ஒரு நீரூற்று. ஜெயிப்பதற்கோ தோற்பதற்கோ ஒன்றும் கிடையாது. இதில் என்ன இருக்கிறது என்று விட்டுவிட்டேன். கருவியிலிருந்து நீக்கத்தான் மறந்துபோனேன்.

என் மனைவி ஒருநாள் சாயந்திரம் சும்மா மாட்டிப் பார்க்கிறேன் என்று கேட்டபோது, கையில் அகப்பட்ட அதையே திறந்துவிட்டேன். இமெயில் கொடுத்துக் கணக்குத் தொடங்கச் சொன்னது. அதெல்லாம் வேண்டாம் என்று விருந்தாளியாக நுழைகிற வழியில் அவளை அனுப்பினேன். "யாரு கேட்டாலும் போன் நம்பர் மட்டும் குடுத்துராத" என்று கண்டித்தும் சொன்னேன். அவளுக்கு இரண்டு முழங்காலும் தேய்ந்திருந்தன. வீட்டுக்குள் சுவரைப் பிடித்துத்தான் நடப்பாள். அந்தத் தீவில் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்தபடியே, பிடியில் இருக்கும் குமிழைக் கட்டைவிரலால் தள்ளினால் போதும். கால் தானாக நடக்கும்.

எல்லாரும் இங்கிலீஷில் பேசிக்கொண்டிருந்த அந்தக் கூட்டத்தில், "ஏட்டி, அந்த டம்ளரக் கீழ வையி" என்று ஒரு குரல் கேட்டிருக்கிறது. மைக்கை அணைக்காமல், இன்னும் பள்ளிக்குப் போகாத தன் சின்னப் பேத்தியை அதட்டிய ஒரு பெண். என் மனைவி திரும்பி, "நீங்க எந்த ஊரு?" என்று கேட்டிருக்கிறாள்.

"ராயகிரி. நீங்க?"

"சங்கரன்கோயிலு."

அவ்வளவுதான். எங்கள் பக்கத்து ஊர்க்காரியான அந்தப் பெண் அமெரிக்காவில் மகள் வீட்டோடு இருப்பவள். நமக்குச் சாயந்திரம் விளக்கு வைக்கிற நேரம் அவளுக்குக் காலை. வீட்டிலுள்ளவர்கள் வேலைக்கும் பள்ளிக்கும் போனதும் மருமகனின் கண்ணாடியை மாட்டிக்கொண்டு வந்துவிடுவாள். அங்கே சேலைக்குக் காசு கேட்டதால் இரண்டு பேரும் இலவசமாகக் கிடைத்த மஞ்சள் மழைக்கோட்டில் அலைந்தார்கள். பக்கத்துத் தெருத் தறிச் சத்தத்தையும் மீறி என் மனைவியின் சிரிப்புச் சத்தம் கேட்டது. அவள் அப்படிச் சிரித்து நான் கேட்டு வெகு காலமாகியிருந்தது. எனக்குப் பொறாமை வந்தது. அப்போது அதற்கு நான் வேறு பெயர் வைத்திருந்தேன்.

ஆடி வந்தது. ஆடித்தபசுத் திருவிழாவுக்குக் கொடியேற்றிய நாளிலிருந்து எங்கள் ஊரில் ஆணும் பெண்ணும் இத்தனை சுற்று என்று நேர்ந்துகொண்டு கோயில் பிரகாரத்தைச் சுற்றிச் சுற்றி வருவார்கள். ஆடிச்சுற்று என்று பெயர். ஒற்றைக் காலில் தபசு நிற்கிற அம்மனின் கால்வலியைச் சுற்றுகிறவர்கள் கொஞ்சம் வாங்கிக்கொள்கிறார்கள் என்று என் மனைவி சொல்வாள். கல்யாணமாகி இந்த ஊருக்கு வந்ததிலிருந்து அவள் விட்டதில்லை. இந்த வருடம் முடியாது. கடல் தாண்டி இருக்கிற ராயகிரிக்காரிக்கும் முடியாது. இருவரும் யோசித்து, அந்தத் தீவின் நீரூற்றையே சுற்றுவது என்று முடிவு செய்தார்கள்.

கண்ணாடிக்குள் தெரிவதை டிவியில் போட்டுப் பார்க்க வழியுண்டு. போட்டுப் பார்த்தேன். கரடிகளும் ரோபோக்களும் குதித்துத் திரிகிற இடத்தில் ஒரு மஞ்சள் கோட்டு முன்னே போக, என் மனைவி அதன் பின்னாலேயே வலமாக மெதுவாகப் போய்க்கொண்டிருந்தாள். கிழக்குப் பக்கம் என்று அவர்களாக வைத்துக்கொண்ட ஓரிடம் வரும்போதெல்லாம் நின்று தலையைக் குனிந்தார்கள்.

"சாமி காரியத்த இப்படியா கேலிக்கூத்தாக்குவாவ?" என்றேன்.

கண்ணாடியைக் கழற்றாமலே அவள் சொன்னாள்: "அம்மனுக்குத் தெரியும். நீங்க டிவிய அணைங்க."

மறுநாள் காலை, மலையேறுகிற விளையாட்டு ஒன்று இலவசமாக வந்திருப்பதைப் பார்த்தேன். இறக்க இடம் போதவில்லை, எதையாவது நீக்கு என்றது கருவி. நான் சேர்த்து வைத்து மறுபடி தொடாதவை எத்தனையோ இருந்தன. அவற்றையெல்லாம் தாண்டிப் போய்த் தீவை நீக்கினேன். கை தவறிவிட்டது என்று ஒரு நாளும் நான் சொல்ல மாட்டேன்.

சாயந்திரம் அவள் நாற்காலியில் வந்து உட்கார்ந்ததும், "அந்த வெளையாட்ட மூடிட்டான்" என்றேன்.

"எல்லாருக்குமேவா?"

"எல்லாருக்கும்தான். ஓசியில குடுக்கவன் எத்தன நாளைக்குக் குடுப்பான்?"

"நீங்க சொன்னியளேன்னு நம்பர் கூடக் குடுக்கல" என்றாள். அதில் குற்றம் சாட்டுகிற தொனி இல்லை. பிறகு கண்ணாடியை முந்தானையால் துடைத்து, பெட்டிக்குள் வைத்து மூடினாள்.

அடுத்து வந்த சாயந்திரங்களில் தலைகுளித்த கூந்தலோடு பெண்கள் எங்கள் வாசல் வழியாகக் கோயிலுக்குப் போனார்கள். எதிர்வீட்டுப் பெண் ஜன்னலருகே நின்று, "சுத்துக்கு வரலியா அக்கா?" என்று கேட்டாள்.

"இந்த வருசம் எனக்குக் குடுத்து வைக்கல. நீ போயிட்டு வா" என்றாள் என் மனைவி. உள்ளே நான் பேப்பர் படித்துக்கொண்டிருந்தேன். அதற்குமேல் ஒரு வரியும் படிக்க ஓடவில்லை.

அவள் சமையலறையில் இருந்தபோது கண்ணாடியை எடுத்துக்கொண்டு பின்னறைக்குப் போய், தீவை மறுபடியும் இறக்கினேன். திறந்ததும்தான் நான் செய்ததன் முழு அளவு புரிந்தது. விருந்தாளியாக நுழைந்தவள் என்பதால், நீக்கியபோதே அவளுடைய உருவமும் தோழியின் பெயரும் சேர்ந்து போயிருந்தன. நான் புத்தம்புது ஆளாக, அதே மஞ்சள் கோட்டில் நீரூற்றடியில் நின்றேன். புதிதாக வருகிறவர்கள் எல்லாருக்கும் அதே கோட்டுதான். இதில் ராயகிரிக்காரியை எப்படி அடையாளம் காண்பது?

அன்று காணவில்லை. மறுநாளும் போய் நின்றேன். ஒரு கரடி வந்து என்னைச் சுற்றிக் குதித்து, "புரோ, யாருக்கு வெயிட்டிங்? கேர்ள் ஃபிரெண்டா?" என்றது.

"என் மனைவியின் சிநேகிதிக்காகக் காத்திருக்கிறேன்" என்று நல்ல இங்கிலீஷில் பதில் சொன்னேன். கரடி பின்வாங்கிப் போய்விட்டது.

மூன்றாவது முறை போனபோது, ஒரு மஞ்சள் கோட்டு தனியாக நீரூற்றைச் சுற்றிக்கொண்டிருந்தது. மற்றவர்களெல்லாம் இஷ்டத்துக்குக் குறுக்கும் மறுக்கும் ஓட, அது மட்டும் வலமாகப் போய், ஓரிடத்தில் நின்று தலை குனிந்தது.

"ராயகிரியா?" என்று கேட்டேன்.

கோட்டு நின்றது. "யாரது, ஆம்பளக் குரலா இருக்கு?"

"சங்கரன்கோயில். உங்ககூடச் சுத்துனாளே, அவ வீட்டுக்காரன்."

"ஆடிட்டர் அண்ணாச்சியா? அக்காவுக்கு என்ன? மேலுக்குச் சொகமில்லையா?" குரல் பதறியது. "நா என்னன்னு நினைக்கட்டும்? ஒரு நம்பர் உண்டா, ஒரு விலாசம் உண்டா?"

"அவ நல்லா இருக்கா" என்று சொல்லிவிட்டு, நான் செய்ததைச் சொன்னேன். கண் முன்னால் நிற்பது ஒரு பொம்மை என்பதால் சொல்வது சுலபமாக இருக்கும் என்று நினைத்திருந்தேன். சுலபமாக இல்லை.

அவள் முழுதும் கேட்டாள். பிறகு, "அக்கா உங்களப் பத்திச் சொல்லியிருக்காவ. நல்ல மனுசருதான், ஆனா யாரையும் ஒரு பேச்சு பேசி முடிக்க விடமாட்டாருன்னு. இப்பம் நீங்க செஞ்சதும் அதான அண்ணாச்சி?" என்றாள்.

அவளே தொடர்ந்தாள்:

"எங்கிட்டச் சொல்லி என்ன செய்ய? உள்ள போயி அவியகிட்டச் சொல்லுங்க. இத்தன நாளும் அவியளுக்கும் சேத்துத்தான் சுத்துதேன். நீங்க வார வரைக்கும் சுத்திக்கிட்டு நிக்கேன்."

கண்ணாடியைக் கழற்றிக் கையில் பிடித்தபடி சமையலறைக்குப் போனேன். என் மனைவி ஸ்டூலில் உட்கார்ந்து கத்தரிக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். கம்பெனிக்காரன் மூடவில்லை, நான்தான் அழித்தேன், நீ அவளோடு சிரித்தது எனக்குப் பொறுக்கவில்லை என்று சொன்னேன். இடையில் அவள் ஒன்றும் கேட்கவில்லை. நறுக்கிய துண்டுகளைத் தண்ணீரில் போட்டுவிட்டு நிமிர்ந்தாள்.

"அவ இப்பம் அங்கன நிக்காளா?"

"நிக்கா."

"அப்பம் அதக் குடுங்க. உங்களப் பெறகு பாத்துக்கிடுதேன்."

ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு அங்கேயே மாட்டிக்கொண்டாள். "ஏட்டி" என்று கூப்பிட்டாள். அதற்குமேல் அங்கே நிற்க எனக்கு உரிமையில்லை என்று வெளியே வந்துவிட்டேன். அன்று கத்தரிக்காய்க் குழம்பு வைத்தது நான்தான்.

பிறகு பார்த்துக்கொண்டாள். தபசுக்கு முதல்நாள் வரை என்னிடம் தேவைக்குமேல் ஒரு வார்த்தை பேசவில்லை. அன்று நானாகவே சொன்னேன்: "உங்க ரெண்டு பேருக்குமாச் சேத்து நா கோயில்ல சுத்திட்டு வாரேன்."

"முழுசாச் சுத்தணும். பாதியில காப்பி குடிக்கப் போயிரப்பிடாது" என்றாள்.

நான் பக்தியில் பெரிய ஆள் இல்லை. வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு அந்தக் கூட்டத்தோடு கூட்டமாகச் சுற்றினேன். தோளோடு தோள் உரசியது. முன்னால் போனவரின் வியர்வை என் சட்டையில் ஒட்டியது. நேரம் போகப் போக என் முழங்கால் எனக்கே அந்நியமாகிவிட்டது. இந்த வலியோடுதான் அவள் தினமும் சுவரைப் பிடித்து நடக்கிறாள் என்று எண்ணிக்கொண்டே நடந்தேன். கணக்குத் தப்பிவிடுமோ என்ற பயத்தில் கூடுதலாகவே சுற்றினேன்.

வீடு வந்து வாசலில் செருப்பைக் கழற்றியபோது, கூடத்து டிவியில் இரண்டு மஞ்சள் கோட்டுகள் நீரூற்றின் விளிம்பில் உட்கார்ந்திருந்தன. "சத்தம் கேக்கு. வந்துட்டாவ. காலு வீங்கியிருக்கும்" என்றாள் என் மனைவி, கண்ணாடிக்குள்ளிருந்து. டிவியில் ராயகிரிக்காரி சிரித்தாள். அடுப்பில் எனக்காக வெந்நீர் கொதித்துக்கொண்டிருந்தது.

இப்போது அவர்கள் இருவரில் ஒருவர் நம்பர் மற்றவரிடம் இருக்கிறது. கண்ணாடிக்கு ஒரு ரகசிய எண்ணும் போட்டிருக்கிறாள். அது எனக்குத் தெரியாது. புதிதாக எதையாவது இறக்க வேண்டுமானால் அவளைக் கேட்டு நிற்பேன். "எத அழிக்கப் போறிய?" என்று கேட்டு, பதில் திருப்தியாக இருந்தால்தான் திறந்து கொடுப்பாள். அப்படிக் கேட்டு வாங்கித் தேடியதில் மூன்று பேர் ஒரே படகில் உட்கார்ந்து மீன் பிடிக்கிற விளையாட்டு ஒன்று அகப்பட்டது. மகளிடம் சொல்லி, தேவைப்பட்ட இன்னொரு பழைய கண்ணாடியையும் வாங்கிக்கொண்டேன். இலவசம், காசு கேட்பதில்லை, தலையும் சுற்றுவதில்லை. ஒரே நிபந்தனையை அவர்கள்தான் வைத்தார்கள்: அண்ணாச்சி குறுக்கே பேசக் கூடாது.

போன வாரம் படகில் என் மனைவி தன் சிறுவயதுக் கதை ஒன்றைத் தொடங்கினாள். அவள் பிறந்த ஊரான திருவேங்கடத்தில் மழைக்குப் பிறகு கரிசல் மண்ணில் நடந்தபோது சேறு அவள் கொலுசை இழுத்துக்கொண்ட கதை. கல்யாணமான நாளிலிருந்து அவள் அதைத் தொடங்கும்போதெல்லாம், "கரிசல்ல போனது எங்கன கெடைக்கப் போகுது" என்று சொல்லி நானே முடித்துவிடுவேன். அன்று தூண்டிலைப் பிடித்துக்கொண்டு வாயை மூடியிருந்தேன்.

அடுத்த வருடம் உழும்போது கொழுமுனையில் மாட்டிக்கொண்டு அந்தக் கொலுசு மேலே வந்திருக்கிறது. அவளுடைய அப்பா அதை வாய்க்காலில் கழுவி, வரப்பிலேயே உட்கார வைத்துக் காலில் போட்டுவிட்டாராம். எனக்கு அது அன்றுதான் தெரியும்.