அண்ணாந்து பார்த்த முகம்

என் தோளைத் தொட்ட அந்த விரல் நடுங்கவே இல்லை. அதைத்தான் இன்றைக்கும் என்னால் ஜீரணிக்க முடியவில்லை. தயங்கித் தயங்கி, 'இவரா இருக்கலாம்' என்று அந்த டீச்சர் சொல்லியிருந்தால்கூட என் மனசு ஆறியிருக்கும். வரிசையில் நின்ற எங்கள் எல்லோரையும் ஒரு பார்வை பார்த்தார். நேராக என்னிடம் வந்து தொட்டார். "இவன்தான் சார்." மாஜிஸ்டிரேட் குறித்துக்கொண்டார்.

நான் வரிச்சிக்குடிக்காரன். கீழவாஞ்சூரில் நிலக்கரி லாரிகளுக்கு எடை போடுகிற வேலை. ராத்திரி ஷிப்ட் முடிந்ததும் காரைக்கால் வழியாகத்தான் பைக்கில் வீட்டுக்கு வருவேன். அப்படி ஒரு காலையில், பள்ளிக்கூடத்துக்கு நடந்து போய்க்கொண்டிருந்த அந்த டீச்சரின் தாலிச் சங்கிலியை எவனோ பைக்கில் வந்து அறுத்துக்கொண்டு போயிருக்கிறான். ஒரு கடை வாசல் கேமராவில் கறுப்பு பைக் தெரிந்ததாம், ஆள் முகம் தெரியவில்லையாம். என் பைக்கும் கறுப்பு. அந்த நேரத்துக்கு அந்த ரோட்டில் தினம் போகிறவன் வேறு. போதாதா? விசாரித்துவிட்டு அனுப்பிவிடுகிறோம் என்று கூட்டிப்போன போலீஸ்காரர்கள் ஜெயிலுக்குத்தான் அனுப்பினார்கள்.

அங்கேதான் அடையாள அணிவகுப்பு. என் வயசு, என் உயரம், என்னை மாதிரியே மீசை வைத்த ஆட்களோடு நிற்கவைத்தார்கள். எங்கே வேண்டுமானாலும் நின்றுகொள் என்றார் மாஜிஸ்டிரேட். எனக்கு உள்ளுக்குள் தெம்புதான். அந்தம்மா என்னை வாழ்க்கையில் பார்த்ததே இல்லை, எப்படிக் காட்டுவார் என்று திமிராகக்கூட நின்றேன். அப்புறம்தான் அந்த விரல்.

ஜாமீனில் வீட்டுக்கு வந்தேன். கேஸ் முடியட்டும், அப்புறம் வேலைக்கு வா என்று கான்ட்ராக்டர் சொல்லிவிட்டார். அதைக்கூடத் தாங்கிக்கொண்டேன். என் மனைவி சோறு போட்டபடியே, "அவங்க ஏங்க உங்களைப் போய்க் காட்டணும்? இத்தனை பேர் இருக்கையில?" என்று கேட்டாளே, அதைத்தான் தாங்கமுடியவில்லை. கேட்டுவிட்டு என் முகத்தைக் கொஞ்சம் கூடுதலாகப் பார்த்தாள். சட்டென்று எனக்குக் கோபம் வந்து, சாப்பிடாமலே எழுந்துவிட்டேன். ஆனால் கண்ணாடி முன்னால் போய் நின்று நானும் அதையேதான் தேடினேன். அப்படி என்ன தெரிகிறது இந்த மூஞ்சியில்?

கோர்ட்டில் சாட்சி சொன்ன அன்றைக்கும் டீச்சர் அசரவில்லை. எப்படி இவ்வளவு உறுதியாகச் சொல்கிறீர்கள் என்று அரசு வக்கீல் கேட்டார்.

"மறக்குற முகமா சார் அது? என்னை அப்படியே அண்ணாந்து பாத்துச் சிரிச்சானே."

என் வக்கீல் உள்ளூர்க்காரர். அதுவரை காகிதத்தைப் புரட்டிக்கொண்டிருந்தவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். குறுக்கு விசாரணைக்கு எழுந்ததும் அதையேதான் பிடித்துக்கொண்டார்.

"டீச்சர், நீங்க ரோட்டுலதானே நடந்து போனீங்க?"

"ஆமா."

"பைக்குல வந்தவன் உங்களை எதுக்கு அண்ணாந்து பாக்கணும்?"

டீச்சர் பதில் சொல்ல வாயெடுத்தார். அதற்குள் வக்கீல் அடுத்ததைக் கேட்டார்.

"உங்க வீடு எங்க இருக்கு?"

"சாமி வர்ற வீதியில."

"மாங்கனி அன்னைக்கு மாடியிலேர்ந்து பழம் போட்டீங்களா?"

"வருஷா வருஷம் போடுவோம்."

கூண்டில் நின்ற எனக்கு அப்போதுதான் அந்த நாள் ஞாபகம் வந்தது. மாங்கனித் திருவிழாவில் சாமி வரும்போது, வீட்டு மாடிகளில் நின்று மாம்பழத்தைக் கூட்டத்தில் வீசுவார்கள். அதைப் பிடித்துச் சாப்பிட்டால் பிள்ளை இல்லாதவர்களுக்குப் பிள்ளை பிறக்கும் என்று எங்கள் ஊரில் நம்பிக்கை. எங்களுக்கும் பிள்ளை இல்லை. சங்கிலி பறிபோவதற்குக் கொஞ்ச நாள் முன்னால்தான் அந்த வீதியில் ஒரு மாடிக்குக் கீழே நின்று, இரண்டு கையையும் ஏந்திக்கொண்டு, "அம்மா, இங்க ஒண்ணு போடுங்கம்மா" என்று தொண்டை கிழியக் கத்தினேன். ஒரு அம்மா எனக்கென்றே குறிபார்த்துப் போட்டார். பிடித்துவிட்டேன். பிடித்த சந்தோஷத்தில் அண்ணாந்து பார்த்துச் சிரித்தேன். போட்டவர் முகம் என் மனசில் பதியவில்லை. எனக்குப் பழம்தான் பெரிசு.

"அன்னைக்குக் கீழ நின்னு பழம் கேட்டவரா இவர்? நல்லாப் பாத்துச் சொல்லுங்க."

டீச்சர் என்னை வெகுநேரம் பார்த்தார். "இல்ல சார். சங்கிலியை அறுத்தவன்தான்."

பொய் சொல்லியிருந்தால் சாபம் விட்டிருப்பேன். அந்தக் கண்ணில் பொய்யே இல்லை. இவ்வளவு நல்ல மனுஷி, இவ்வளவு உண்மையாகச் சொல்லி, என்னை ஜெயிலில் தள்ளப்போகிறாரே என்று நினைத்தேன்.

என் நல்ல காலம், தீர்ப்பு வருவதற்குள் வேறொரு ஊரில் இன்னொரு சங்கிலியை அறுத்தவன் மாட்டினான். டீச்சரின் சங்கிலியும் அவனிடமே இருந்தது. அவன் போட்டோவை வக்கீல் காட்டினார். குட்டை ஆள், மீசையே இல்லை, உருண்டை முகம். என் ஜாடை துளிகூட அவனிடம் இல்லை. இந்த முகத்தையா என் முகம் என்று நினைத்தார்?

விடுதலை ஆன பிறகு ஒருநாள் டீச்சர் வீடு தேடி வந்தார். என் மனைவி காப்பி கொடுத்தாள். அதைக் கையில் வைத்துக்கொண்டே அழுதார்.

"மன்னிச்சிடுங்க தம்பி. நீங்க இல்லைன்னு புத்திக்குத் தெரியுது. ஆனா அந்தக் காலையை நினைச்சா, இப்பவும் உங்க முகம்தான் வருது. நான் என்ன பண்ணட்டும்?"

எனக்குக் கோபம் வரவில்லை. பரவாயில்லம்மா என்று சொல்லத்தான் கொஞ்சம் முன்னால் நகர்ந்தேன். அவர் கை சட்டென்று கழுத்துக்குப் போய்ச் சங்கிலியைப் பொத்திக்கொண்டது.