விசாலம் மாமியின் சனிக்கிழமைகள்

இதை நான் எழுதுவது அதிகப்பிரசங்கித்தனமாகத் தோன்றினால் பொறுத்துக்கொள்ள வேண்டும். மாமியோடு என்னைவிட நெடுநாள் பழகியவர்கள் இந்தக் கட்டடத்திலேயே இருக்கிறார்கள். எங்கள் வீட்டில் காலேஜ் வாசலை மிதித்த முதல் ஆள் நான் என்றாலும், ரேஷன் ஆபீஸில் இங்கிலீஷில் குறிப்பு எழுதுவதோடு என் எழுத்து முடிந்துவிடுகிறது. நம் கட்டடத்துக் கையெழுத்துப் பத்திரிகை இந்த மாதம் மாமியைப் பற்றி ஒரு வரிகூட இல்லாமல் வீடு வீடாகச் சுற்றிவரக் கூடாது என்றுதான் எழுத உட்கார்ந்தேன்.

செய்தி என்னிடம் வந்தது மளிகைக் கடையில். மதராஸ் மெயிலில் வரும் வாரப் பத்திரிகையை மாமிக்கென்று தனியாக எடுத்து வைப்பவர் நம் திருநெல்வேலிக் கடைக்காரர்தான். ஆபீஸ் விட்டு மாதுங்கா ஸ்டேஷனில் இறங்கி வந்தபோது, அவர் பத்திரிகையைக் கையில் வைத்துக்கொண்டு வாசலிலேயே நின்றிருந்தார்.

"தங்கச்சி, புஸ்தகம் வந்துட்டு. இனிமே யாருக்குன்னு எடுத்து வைக்க?"

எனக்குப் புரியவில்லை.

"கல்யாண்லேருந்து ஆள் வந்துச்சு. மாமி காலம்பற போயிட்டாவளாம். காய்ச்சல்னு சொல்லுதாவ."

தங்கையின் பிரசவத்துக்கு ஒத்தாசையாகக் கல்யாணுக்குப் போனவர். சனிக்கிழமைக்குள் வந்துவிடுவதாகச் சொல்லிவிட்டுப் போனவர். அங்கேயே எல்லாம் முடிந்துவிட்டது. நாம் யாரும் முகம் பார்க்கவில்லை.

மாமி பாலக்காட்டில் படித்தது மலையாளம். தொடர்கதை வாசிப்பதற்காகவே, கல்யாணமாகி பம்பாய் வந்த பிறகு, தமிழ் எழுத்தைத் தானே கற்றுக்கொண்டார். நம்மில் பாதிப் பேருக்கு இன்னும் அது வரவில்லை. அதனால்தான் சனிக்கிழமை மத்தியானம், எனக்கு அரை நாள் ஆபீஸ் முடிந்து வரும் நேரத்தில், மூன்றாம் மாடியில் மாமியின் கூடம் நிறைந்துவிடும். வெளியே படிக்கட்டில் பாக்கியம் உட்கார்ந்திருப்பாள். தாராவியிலிருந்து நம் கட்டடத்துக்கு மாவும் மிளகாயும் இடிக்க வருகிறவள். தோல் கிடங்கில் வேலை செய்யும் ஒருவனோடு ஊரை விட்டு வந்ததால் பிறந்த வீடு அவளைத் தலைமுழுகிவிட்டது. இங்கேயும் அவளை உள்ளே வா என்று கூப்பிடும் வழக்கம் இல்லை. பாக்கியம் வந்து உட்கார்ந்த நாளில் மாமியின் குரல் சற்று உயர்வதை நான் கவனித்திருக்கிறேன்.

கதையை யாரும் முந்திக்கொண்டு படிக்கக் கூடாது என்பது மாமியின் சட்டம். ஒரு வாரம் மாமா ஆபீஸ் சிநேகிதரின் பத்திரிகையை வாங்கி ட்ரெயினிலேயே படித்துவிட்டார். வீட்டுக்கு வந்து, "உங்க ரஞ்சிதம் ஆத்தங்கரைக்குப் போறாள், கேட்டேளா?" என்று சிரித்தார். ரஞ்சிதம் அந்தக் கதையின் நாயகி. புருஷன் வீட்டார் துரத்திவிட்ட, பிள்ளைத்தாய்ச்சிப் பெண். மாமி கரண்டியோடு சமையலறையிலிருந்து வந்தார். "வாயை மூடிண்டு சாப்பிடுங்கோ. சனிக்கிழமை வரைக்குமாவது அவ உசிரோட இருக்கட்டும்" என்றார். அந்த வாரம் முழுவதும் மாமாவின் டப்பாவில் ரசம் சாதம்தான்.

இன்னொரு சனிக்கிழமை ரஞ்சிதத்தின் அப்பா இறந்துபோனார். வாசித்து முடித்ததும் கீழ் மாடித் தர்மாம்பாள் மாமி எழுந்து இறங்கிப் போனார். சற்று நேரத்தில் தலையில் ஈரத்துணி சுற்றிக்கொண்டு வந்தவரைப் பார்த்து எல்லோரும் சிரித்தார்கள்.

"கதையிலே செத்தவாளுக்குத் தீட்டுண்டோடி?"

"செத்தது கதையாவே இருக்கட்டும். நான் அழுதது நிஜம்தானே? அழுதுட்டுக் குளிக்காம எப்படி அடுப்படிக்குப் போறது?"

விசாலம் மாமி மட்டும் சிரிக்கவில்லை. "அவ சொல்றதுதான் சரி" என்றார். கதைக்காக விட்ட கண்ணீரைப் பொய் என்று அவர் ஒருநாளும் சொன்னதில்லை.

வளைகாப்பு நடந்த நாள் உங்களுக்கு மறந்திருக்காது. ரஞ்சிதத்துக்கு மாதம் ஏறிக்கொண்டே போயிற்று. கதாசிரியரோ அவளை ஒரு சத்திரத்தில் தன்னந்தனியாக விட்டிருந்தார். கைக்கு வளை அடுக்க யாருமில்லையே என்று நாம் வாரா வாரம் மாய்ந்துபோனோம். "ஆம்பிளை எழுதறார், அவருக்கென்ன தெரியும்? நாமளே பண்ணிடலாம்" என்றார் மாமி. விளையாட்டாகத்தான் சொன்னார் என்று நினைத்தோம். ஆனால் அடுத்த சனிக்கிழமை வீட்டுக்கு ஒரு பிடியாக ரேஷன் அரிசி சேர்ந்து, எலுமிச்சஞ்சாதமும் தேங்காய்ச் சாதமும் தயாராக இருந்தன. மார்க்கெட்டிலிருந்து கண்ணாடி வளையல் வந்திருந்தது. கூடத்தில் கோலம் போட்டு, நடுவில் பலகை போட்டிருந்தது.

"எல்லாம் சரி, கதைக்குக் கை ஏது? வளையலை யாருக்குப் போடறது?" என்றார் தர்மாம்பாள் மாமி.

மாமி வாசலைப் பார்த்துத் திரும்பினார். "பாக்கியம், ஜல்தி இங்கே வா. ரஞ்சிதத்துக்கு ஒரு கை வேணும்."

பாக்கியத்துக்கு அப்போது நிறை வயிறு. எழுந்து நின்றாளே தவிர வரவில்லை.

"அவளா? உள்ளேயா?" என்றார் தர்மாம்பாள் மாமி மெல்ல.

"ரஞ்சிதத்தையும்தான் வீட்டை விட்டுத் துரத்தினா. அவளுக்கு ஈரத்துணி சுத்திண்டு நின்னவதானே நீ?"

பாக்கியம் வாசல்படியிலேயே தயங்கினாள். "எனக்கு எதுக்கும்மா இதெல்லாம். ஆராவது ஏசுவாவ. கதையில உள்ள பிள்ளைக்கே போடுங்க."

"அவளுக்குத்தான் போடறோம். நீ கையை மட்டும் கொடு."

முதல் வளையலை மாமி போட்டார். அடுத்து யார் என்று ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டிருந்தபோது தர்மாம்பாள் மாமி எழுந்தார். "கை ரொம்பக் காய்ச்சுப் போயிருக்கு, சோப்பு கொண்டாங்கோ" என்று அதட்டிக்கொண்டே, வளையல் உடையாமல் ஏற்றிவிட்டார். பாக்கியம் தலையைக் குனிந்துகொண்டிருந்தாள். சாதத்தை அவள் அங்கேயே, பலகையில் உட்கார்ந்தே சாப்பிட்டாள்.

குழந்தை பிறந்த பிறகு அவள் மறுபடி வந்தாள். மறுபடி படிக்கட்டில்தான் உட்கார்ந்தாள். ரஞ்சிதத்துக்குக் கை தேவைப்படவில்லை, நாமும் கூப்பிடவில்லை. மாமி இரண்டொரு தடவை அழைத்துப் பார்த்தார். அவள் கூடத்தில் இருந்தவர்களின் முகத்தைப் பார்த்துவிட்டு, "இங்கனயே இருக்கேம்மா" என்றாள். அதன் பிறகு மாமி தம் பலகையைக் கொஞ்சம் கொஞ்சமாக வாசல் பக்கம் நகர்த்திப் போட ஆரம்பித்தார். கடைசியில் நிலைப்படியிலேயே உட்கார்ந்து வாசித்தார். "இங்கே என்ன இருக்குன்னு வந்து உட்கார்ந்துட்டே?" என்று தர்மாம்பாள் மாமி கேட்டதற்கு, "காத்து வரது" என்றார். "காத்தா? ட்ராம் சத்தம்னா வரது" என்று நாம் சிரித்தோம். இப்போது அந்த நிலைப்படிக்கு முன்னால் போகும்போதெல்லாம் எனக்குக் கால் கூசுகிறது. அங்கே அவர் இருக்க வேண்டும் போலிருக்கிறது.

மாமி யாரிடமும் 'சௌக்கியமா' என்று கேட்டதில்லை. "அப்புறம்?" என்பார். கதை கேட்கிற ஆவலோடு கேட்பார். ஆபீஸில் வாய் திறக்காத நான், அந்த ஒரு சொல்லுக்காக நாள் முழுவதும் எதையாவது பார்த்துச் சேர்த்துவைப்பேன். யார் கார்டுக்காக அழுதார்கள், எந்த குமாஸ்தா யாருக்கு டீ வாங்கிக் கொடுத்தார் என்றெல்லாம். இன்னும் சேர்த்துக்கொண்டுதான் இருக்கிறேன். மாடி ஏறி வந்த பிறகுதான் கேட்க ஆளில்லை என்று தெரிகிறது. மாமியிடமிருந்து எனக்கு மிஞ்சியது அந்த "அப்புறம்?" ஒன்றுதான். சில நாளாக அதை ரேஷன் ஜன்னலுக்கு வெளியே நிற்பவர்களிடம் கேட்டுப் பார்க்கிறேன். இங்கிலீஷில் அதற்குச் சொல் கிடைக்கவில்லை. தமிழிலும் ஹிந்தியிலும் கேட்கிறேன். சொல்கிறார்கள்.

மாமி போன பிறகு வந்த பத்திரிகைகளைக் கடைக்காரர் என்னிடம் கொடுத்துவிட்டார். நான் பிரிக்கவில்லை. போன சனிக்கிழமை நான் வந்தபோது பாக்கியம் குழந்தையோடு படிக்கட்டில் உட்கார்ந்து, மாமா இன்னும் கல்யாணிலிருந்து திரும்பாததால் பூட்டியே கிடந்த கதவைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "கதையில உள்ள அந்தப் பிள்ளைக்கு ஒரு வீடு கெடச்சுதாக்கா?" என்று கேட்டாள். தெரியவில்லை என்றேன்.

வருகிற சனிக்கிழமை என் வீட்டில் வாசிக்கலாமென்று இருக்கிறேன். இதை எழுத ஆரம்பித்தபோதே ஒன்று கேட்க நினைத்தேன். முதலிலேயே கேட்டால் படிக்காமல் அடுத்த வீட்டுக்கு அனுப்பிவிடுவீர்களோ என்று பயம். மாமியின் குரல் எனக்கு இல்லை. நான் வாசித்தால் படிக்கட்டு வரை கேட்காது. அதனால் பாக்கியத்தை உள்ளே கூப்பிட்டிருக்கிறேன். உங்கள் முகத்தைப் பார்த்துத்தான் உட்காருவாள். நீங்கள் எல்லோரும் வர வேண்டும். அவள் உட்காரும்போது யாரும் எழுந்துவிடக் கூடாது.