முகம் இல்லாத அட்டைப்படம்

எங்கள் வீட்டில் மாலை போட்டிருக்கும் அப்பா படத்தில் முகம் இல்லை. முதுகு மட்டும்தான். அது ஒரு பத்திரிகையின் அட்டைப்படம்.

அப்பா மதுரையில் சாக்கடைக் குழிக்குள் இறங்கி அடைப்பெடுத்தார். மனிதர்களைக் குழிக்குள் இறக்கக் கூடாது என்று தொடர்ந்து எழுதிவந்த மாத இதழிலிருந்து, நான் ஐந்தாம் வகுப்புப் படிக்கும்போது, ஒரு அக்கா கேமராவோடு நாங்கள் இருந்த வண்டியூருக்கு வந்தார். விடிகாலை வேலை முடித்த அப்பா, உடம்பெல்லாம் சேறோடு குழாயடியில் உட்கார்ந்திருந்தார்.

“முகம் தெரிஞ்சாத்தாண்ணே பாக்குறவங்களுக்கு உறைக்கும்.”

அப்பா, சீருடையில் நின்ற என்னை ஒரு தடவை பார்த்தார். “இந்த மூஞ்சியப் போட்டா உங்க புக்கு விக்காது தாயி” என்று சிரித்துவிட்டுத் திரும்பி உட்கார்ந்துகொண்டார்.

எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். புத்தகத்தில் வந்த முதல் ஆள் அப்பா. இரண்டும் ஒரே பெருமை என்றுதான் நினைத்தேன். இதழை வகுப்புக்கே கொண்டுபோனேன். பக்கத்து பெஞ்சுக்காரி உற்றுப் பார்த்தாள்.

“முதுகக் காட்டி அப்பாங்குற? போடி. எல்லாரு முதுகும் இப்படித்தாண்டி இருக்கும்.”

சாயங்காலம் அப்பா பள்ளி வாசலுக்கு வராமல், வழக்கம்போல எதிர் டீக்கடையோரம் நின்றிருந்தார். அழுதுகொண்டே புகார் சொன்னேன்.

“ஒருத்திக்குக்கூடவா தெரியல?”

“ஒருத்தியும் நம்பலப்பா.”

அப்பா முகம் மலர்ந்துவிட்டது. கேட்காமலே தேங்காய் பன் வாங்கித் தந்தார். கோபத்தில் நான் அதைத் தொடவில்லை.

அடுத்த மழைக்காலத்தில், ஒத்தக்கடைப் பக்கம் ஒரு குடியிருப்பின் கழிவுநீர்த் தொட்டிக்குள் இறங்கிய அப்பா உயிரோடு ஏறவில்லை.

கருமாதிக்குப் படம் வேண்டும். அடையாள அட்டைப் படத்தைப் பெரிதாக்கினால் வெறும் கறுப்பாக வந்தது. அம்மா இதழின் அட்டையைக் கத்தரித்துச் சட்டம் போட்டு வாங்கி வந்தாள். சந்தனம் தொட்ட விரலோடு படத்தின் முன் நின்றவள், பொட்டு வைக்க நெற்றி இல்லாமல் கண்ணாடியைத் தடவிக்கொண்டே இருந்தாள்.

“அந்தக்கா சொன்னப்பவே முகத்தக் காட்டியிருக்கலாம்ல. இப்பப் பாக்குற யாருக்கும் அது அப்பான்னே தெரியாது” என்றேன்.

அம்மா என்னைத் திரும்பிப் பார்த்தாள். நல்ல உடுப்பு என்று எனக்கு இருந்தது சீருடைதான். அன்றும் அதைத்தான் போட்டிருந்தேன். கசங்கிக் கிடந்த என் காலரை இடது கையால் நீவிச் சரிசெய்தாள். பிறகு திரும்பி, பொட்டை அப்பாவின் பிடரியில் வைத்தாள்.

அந்த நேரத்தில் என் காலரை ஏன் சரிசெய்தாள் என்று எனக்கு விளங்கவில்லை.