வெல்லக்கடை வரதனின் குடை

போன வாரம் காஞ்சிபுரத்தில் பஸ்ஸை விட்டு இறங்கியதுமே மழை பிடித்துக்கொண்டது. ஓடிப்போய் ஒரு கடைத்தொகுதிக்குள் ஒதுங்கினேன். மூச்சு வாங்குவதற்குள் கான்கிரீட் கூரையிலிருந்து ஒரு சொட்டு, சரியாக என் வழுக்கையில். அடுத்து இன்னொன்று. அப்போதுதான் உறைத்தது, நான் நிற்பது பழைய மார்க்கெட் இருந்த இடம். அதுவும் ஏறக்குறைய வெல்லக்கடை வரதன் உட்கார்ந்திருந்த இடம். எங்கிருந்தோ வெல்லப்பாகு வாசனை அடித்தது. அடித்திருக்க முடியாது, சுற்றிலும் செல்போன் கடைகள்தான். மூக்குக்கு அதெல்லாம் தெரியுமா?

அறுபதுகளின் கடைசியில் நான் ஒரு வக்கீலிடம் குமாஸ்தாவாக இருந்தேன். பெரிய வக்கீல் என்று சொல்ல முடியாது, குரல் மட்டும் பெரிது. அவரிடம் வந்ததிலேயே எனக்குப் பிடித்தது மார்க்கெட் வழக்கு. ஓட்டுக்கூரை சல்லடையாகிவிட்டது, முனிசிபாலிட்டி திரும்பியே பார்ப்பதில்லை என்று வியாபாரிகள் சேர்ந்து போட்டது. முன்னால் நின்றவர் வரதன். இருப்பதிலேயே பெரிய ஓட்டை அவர் கடைக்கு மேலேதான். கத்தரிக்காய் நனைந்தால் கழுவின மாதிரி ஆயிற்று. வெல்லம் நனைந்தால்? அப்பா காலத்துக் கடை, இன்னொரு மழைக்காலம் தாங்காது என்று அழாத குறையாகச் சொல்வார்.

கூரையில் ஓட்டையே இல்லை, கீரைக்குத் தெளிக்கிற தண்ணீர்தான் அக்கம்பக்கம் தெறிக்கிறது என்று முனிசிபாலிட்டி பதில் போட்டது. கீரைத் தண்ணீர் மேலே ஏறிப் போய் வெல்லத்தின்மேல் விழுமா என்று நீங்கள் கேட்பீர்கள். நாங்களும் கேட்டோம். கடைசியில் கோர்ட் ஒரு இளம் வக்கீலைக் கமிஷனராகப் போட்டது. நேரில் போய், ஒழுகுகிறதா இல்லையா என்று பார்த்து ரிப்போர்ட் கொடுப்பது அவர் வேலை.

எங்கள் வக்கீலுக்கு ஒரே கவலை. பெரிய மனிதர் வருகிறார் என்றால் நம் ஊர்க்காரர்களுக்குக் கை பரபரக்கும். கூட்டிக் கழுவி, வாழைமரம் கட்டி, இருக்கிற சாட்சியத்தையும் அழித்துவிடுவார்கள். அதனால் மார்க்கெட்டுக்கே போய்க் கத்தினார்.

"கூட்டக் கூடாது. கோலம் கூடாது. மாலை கூடாது. சோடா கூடாது. எது எப்படி இருக்குதோ அப்படியே இருக்கணும். புரிஞ்சுதா?"

ரொம்பவே புரிந்தது. மார்க்கெட் குப்பை போதாதென்று வீட்டுக் குப்பையையும் கொண்டுவந்து கொட்டியவர்கள் உண்டு.

கமிஷனர் வந்த அன்று எங்கள் அதிர்ஷ்டம், கொட்டு கொட்டென்று கொட்டியது. கூரை ஒரு இடம் பாக்கியில்லாமல் ஒழுகியது. எங்கள் வக்கீல் கல்யாண வீட்டுக்காரர் மாதிரி சிரித்துக்கொண்டு நின்றார். கமிஷனர் ரிக்‌ஷாவிலிருந்து இறங்கி உள்ளே கால் வைத்தார். பின்னால் கூட்டம் சேர்ந்தது. அங்கேதான் வந்தது வினை.

வரதனுக்கு வெல்லத்தைத் தவிர இன்னொரு வேலையும் உண்டு. சின்னக் காஞ்சிபுரத்தில் பெருமாள் புறப்பாட்டில் குடை பிடிப்பவர்களில் அவரும் ஒருவர். கைப்பழக்கத்துக்காக வீட்டில் வைத்திருந்த பழைய பெரிய குடை ஒன்றைத்தான் வெல்லம் நனையாமலிருக்கக் கடையில் கட்டியிருந்தார். முன்னால் ஒருவர் வருகிறார், பின்னால் கூட்டம் வருகிறது, மேலே தண்ணீர் சொட்டுகிறது. அந்தக் கை சும்மா இருக்குமா? குடையை அவிழ்த்தார், கமிஷனர் தலைக்கு மேல் பிடித்துவிட்டார்.

பிடி என்றால் அதுவல்லவா பிடி! கமிஷனர் திரும்பினால் குடை திரும்பியது, குனிந்தால் குனிந்தது. கூட்டத்தில் யாரோ பழக்கதோஷத்தில் "வழி விடு, வழி விடு" என்றார்கள். சுற்றிலும் ஜாலர் தொங்கிய அந்தக் குடைக்குள்ளிருந்து கமிஷனருக்குத் தன் செருப்பைத் தவிர ஒன்றும் தெரிந்திருக்காது. எங்கள் வக்கீல் தூரத்திலிருந்து இரண்டு கையையும் ஆட்டினார். வரதன் அதைப் பாராட்டு என்று எடுத்துக்கொண்டு குடையை நன்றாகத் தாழ்த்திப் பிடித்தார். பின்னால் கடையில் வெல்லம் கரைந்து நடைபாதையெல்லாம் ஓடிக்கொண்டிருந்தது.

ரிப்போர்ட் வந்தது. கனத்த மழையில் மார்க்கெட் முழுவதும் சுற்றிவந்தேன், என்மேல் ஒரு சொட்டும் விழவில்லை, தரைதான் பிசுபிசுப்பாக இருக்கிறது, வியாபாரிகள் சுத்தத்தில் கவனம் செலுத்த வேண்டும் என்று எழுதியிருந்தார். குடையை ஏதோ ஊர் மரியாதை என்று நினைத்திருப்பார் போல, அதைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. வழக்கு தள்ளுபடி ஆனது.

"குடை யாருய்யா புடிக்கச் சொன்னது?" என்று வக்கீல் குதித்தார்.

"மாலைதான சாமி கூடாதுன்னீங்க. குடையப் பத்தி ஒண்ணும் சொல்லலியே?" என்றார் வரதன்.

அப்புறம் என்னிடம் தனியாகச் சொன்னார்: "வெல்லம் கரைஞ்சா திரும்பக் காச்சிக்கலாம்பா. நம்மளப் பாக்க வந்த மனுசன் நனைஞ்சிக்கினு போவலாமா?"

காய்ச்சுவதற்குத்தான் வெல்லம் மிஞ்சவில்லை. பொங்கல் வருவதற்கு முன்பே கடையைக் கட்டிவிட்டார். ஊரே வெல்லம் வாங்க அலைந்த நாளில் அந்தக் கடை மூடிக் கிடந்தது. அன்றைக்கு அந்த மனிதர்மேல் எனக்கு வந்த கோபத்துக்கு அளவே இல்லை. அதில் பாதி போன வாரம்வரை இருந்தது.

இப்போது மார்க்கெட்டும் இல்லை, வரதனும் இல்லை. ஒழுகலுக்கு யாரும் வழக்குப் போடுவதும் இல்லை, பிளாஸ்டிக் வாளி வைத்துவிடுகிறார்கள். இன்னொரு சொட்டு என் மண்டையில் விழுந்தபோது செல்போன் கடைக்காரர் நிமிர்ந்து பார்த்தார்.

"சார், கடைய மறைச்சிக்கினு நிக்கறீங்க. கொஞ்சம் அந்தாண்ட போங்க."

போனேன். அங்கேயும் ஒழுகியது. தலையைத் துடைத்துக்கொண்டே, என்னையறியாமல் மேலே பார்த்தேன். குடை இல்லை. என் மீதிக் கோபம் அங்கேயே போய்விட்டது.